ஏன் என்று எழுதாத தீர்ப்பு

மகன்,

போன ஞாயிற்றுக்கிழமை நீ போனில் சொன்னது எனக்கு இன்னும் செமிக்கவில்லை. கலியாணத்தைப் பதிவு எழுத்தோடு முடித்துவிடலாம், மேளம் வேண்டாம், சொந்தக்காரரைக் கூப்பிட வேண்டாம், அந்த வழக்குக் காசில் ஒரு சதமும் என் கலியாணத்துக்குத் தொடக்கூடாது என்று சொன்னாய். "அது நான் கெடுத்த காசு அம்மா, எனக்கு வேணாம்" என்றாய். நான் வாயெடுப்பதற்குள் வேலைக்குக் கூப்பிடுகிறார்கள் என்று வைத்துவிட்டாய். இத்தனை வருடமாகக் கட்டாரிலிருந்து நீ எடுக்கிற போன் எல்லாம் இப்படித்தான். சுகமா என்று கேட்பாய், சாப்பிட்டாயா என்று கேட்பாய், வழக்கு என்ற சொல் வந்தால் அங்கே யாரோ கூப்பிடுவார்கள். அதனால்தான் எழுதுகிறேன். கடிதத்தை நீ இடையில் வெட்ட முடியாது. தீர்ப்பு போன மாதமே வந்துவிட்டது. "முடிஞ்சிது மனே" என்று மட்டும் உனக்குச் சொன்னேன். என்ன எழுதியிருக்கிறது என்று நானும் சொல்லவில்லை, நீயும் கேட்கவில்லை. இப்போது எல்லாவற்றையும் முதலில் இருந்து சொல்லப்போகிறேன். தொடக்கம் உனக்குத் தெரியும். நீ போனதற்குப் பிறகு நடந்தது தெரியாது.

சாதாரண தரச் சோதனை எழுதிவிட்டு நீ வீட்டில் நின்ற காலம் அது. பெரியகல்லாற்றில் ஒருவருடைய படகு எஞ்சின் பழுதாகி, அதன் அடிப்பாகத்தை விசிறியோடு கழற்றிச் சாக்கில் சுற்றி, தேற்றாத்தீவில் எஞ்சின் திருத்துகிற நம்முடைய கடைக்குக் கொண்டுவர அப்பா புறப்பட்டார். நீ மோட்டார் சைக்கிளின் பின்னால் இருந்தாய், உன் மடியில் அந்தச் சாக்கு. பாலத்துக்கு ஏறுகிற இடத்தில் சாக்கு வழுகத் தொடங்கியது. நீ "அப்பா" என்று கூப்பிட்டாய். அவர் தலையைத் திருப்பிப் பார்த்தார். அந்த நேரம் எதிரே இரண்டு பஸ்கள் ஒன்றையொன்று முந்த ஓடி வந்தன. முந்த வந்த பஸ் உங்கள் பக்கத்துக்கே வந்துவிட்டது. நீ மணலில் போய் விழுந்தாய், தோள் எலும்பு உடைந்தது, அது பொருந்திவிட்டது. அப்பாவுடைய வலது கையின் நரம்புகள் தோளோடு அறுந்துபோயின. கையை வெட்டவில்லை. அது அவருடைய உடம்பில் கடைசி வரைக்கும் தொங்கிக்கொண்டு கிடந்தது. கொதிக்கிற தேத்தண்ணி அதில் ஊற்றுண்டாலும் அவருக்குத் தெரியாது. ஆனால் இரவு பகலாக அந்தக் கைக்குள் நெருப்பு வைத்த மாதிரி வலிக்கிறது என்பார். தொட்டால் தெரியாத கை எப்படி நோகும் என்று நான் டொக்டரிடம் கேட்டேன். சில பேருக்கு அப்படித்தான் என்றார்.

அதற்குப் பிறகு இரண்டு வருடம் நீ கடையில் அப்பாவின் கையாக இருந்தாய். எந்த நட்டைக் கழற்ற வேண்டும் என்று அவர் சொல்லுவார், நீ கழற்றுவாய். உனக்கு அந்த வேலை பிடிபடவில்லை, அவருக்குப் பொறுமையும் இல்லை. முதலில் பழகியவர்கள் பாவம் பார்த்து எஞ்சின்களைக் கொண்டுவந்தார்கள். பிறகு அவர்களும் களுவாஞ்சிகுடிக்குக் கொண்டுபோகத் தொடங்கினார்கள். நான் முன்பள்ளியில் எடுக்கிற சம்பளத்தில்தான் வீடு ஓடியது. இதெல்லாம் உனக்குத் தெரியும். நான் எழுதுவது நீ மறந்துவிட்டாய் என்பதற்காக அல்ல. அந்த வயதில் நீ எவ்வளவு தாங்கினாய் என்று எனக்கும் தெரியும் என்று சொல்வதற்காக.

நட்டஈட்டு வழக்கை நமக்காகப் பேசியவர் சட்டத்தரணி சுகந்தி. நம்முடைய பக்கத்துப் பிள்ளை. அப்பாவை அண்ணன் என்றும் என்னை அக்கா என்றும் கூப்பிடுவார். நீ சாட்சிக் கூட்டில் ஏறின நாள் நானும் அப்பாவின் அக்கா, உன் பெரிய மாமியும் பின் வரிசை வாங்கில் இருந்தோம். பஸ் எப்படி வந்தது, எந்தப் பக்கம் வந்தது என்று நீ திடமாகச் சொன்னாய். கடைசியில் காப்புறுதிக் கம்பனிக்காக வந்த சட்டத்தரணி எழும்பி, "பஸ் மோதுறதுக்கு முன்னுக்கு அப்பா எங்க பாத்துக்கொண்டு இருந்தவர், தம்பி?" என்று கேட்டார். நீ பின்னால் இருந்த எங்களைப் பார்த்தாய். பிறகு, "நான் கூப்பிட்டன் சேர். அப்பா கிறுகிப் பாத்தவர்" என்றாய். மாமி என் தொடையில் கிள்ளினார். வெளியே வந்ததும், "இவனுக்கு ஆரு கா இதச் சொல்லச் சொன்னது? தம்பிட வழக்க இவனே கவிட்டுப் போட்டான்" என்று சத்தம் போட்டார். சுகந்திதான் அடக்கினார். "உள்ளதச் சொன்ன சாட்சி மாமி. விடுங்க" என்றார். நீ தூரத்தில் நின்றாய். உனக்குக் கேட்டது என்று எனக்குத் தெரியும். நான் மாமியை ஒன்றும் சொல்லவில்லை. எனக்கும் அந்த நேரம் உள்ளுக்குள் அப்படித்தான் இருந்தது, மகன்.

மாவட்ட நீதிபதியின் தீர்ப்பு நீளமானது. சுகந்தி அதை நமக்கு வாசித்துக் காட்டின அன்று நீயும் இருந்தாய். ஆஸ்பத்திரிச் செலவுக்கு எவ்வளவு, ஏன் அவ்வளவு. இழந்த உழைப்புக்கு எவ்வளவு, ஏன் அவ்வளவு. நோவுக்கு எவ்வளவு என்று தனித்தனியாக எழுதியிருந்தார். கையால் பிழைக்கிறவனுக்குக் கை போவது வேறு, மற்றவர்களுக்குப் போவது வேறு என்றும் எழுதியிருந்தார். தலை திருப்பினதையும் விடவில்லை. திருப்பாமல் இருந்தாலும் அந்த இடத்தில் வரும் பஸ்ஸுக்கு அவர் விலக இடம் இருக்கவில்லை, ஆகவே அதற்காக ஒன்றும் கழிக்கவில்லை என்றிருந்தது. அப்பாவுக்கு அந்தத் தீர்ப்பில் ஒரு குறை இருந்தது. வேலூருக்குப் போய் வைத்தியம் பார்த்த செலவில் பாதியைப் பில் துண்டு இல்லை என்று தள்ளியிருந்தார். "துண்ட நான்தான் துலச்சிட்டன். அவர் என்ன செய்வார்" என்று அப்பா சொன்னார். அதோடு அந்தக் கதையை விட்டுவிட்டார்.

கம்பனி அப்பீல் பண்ணியது. எத்தனையோ தவணை போனது. பிறகு ஒரு நாள் அப்பீல் கோட்டின் முடிவு வந்திருக்கிறது என்று சுகந்தி கூப்பிட்டார். அப்பா, நான், நீ, மாமி நாலு பேரும் போனோம். இரண்டு தாள். முதல் தாள் முழுக்க வழக்கு இலக்கமும் ஆட்களின் பெயரும். இரண்டாவது தாளில், இரு தரப்பின் வாதங்களையும் வழக்கின் எல்லாச் சூழ்நிலைகளையும் கவனத்தில் எடுத்தோம், கீழ் நீதிமன்றம் கொடுத்த தொகை கூடுதலானது, ஆகவே அதைப் பாதியாகக் குறைக்கிறோம் என்று இருந்தது. சுகந்தி ஆங்கிலத்தில் வாசித்துத் தமிழில் சொன்னார். சொல்லிவிட்டுத் தாளை மேசையில் வைத்தார். அப்பா காத்துக்கொண்டிருந்தார். பிறகு கேட்டார், "அடுத்த பக்கம் எங்க தங்கச்சி?"

"அடுத்த பக்கம் இல்ல அண்ணன். இவ்வளவுதான்."

"இல்ல, ஏன் கொறச்சாங்க எண்டு இரிக்கிற பக்கம்."

"அதுதான் அண்ணன். ஏன் எண்டு எழுதல்ல."

அப்பா நம்பவில்லை. பக்கம் ஒன்று விடுபட்டிருக்கும் என்று மறுநாள் தனியாகப் பஸ் ஏறி, பதிவாளர் கந்தோரில் போய்க் கேட்டிருக்கிறார். அங்கே இருந்தவர் வழக்குக் கோவையைப் புரட்டிப் பார்த்து, "ஐயா, இதுதான் முழுத் தீர்ப்பு" என்று சொல்லி அனுப்பியிருக்கிறார். வீட்டுக்கு வந்து, வாசலில் செருப்பைக் கழற்றாமல் நின்று, "பக்கம் இல்லயாம் கா" என்று மட்டும் சொன்னார். அன்றைக்குத்தான் அவர் உடைந்தது. பாதியாகக் குறைத்த அன்று அவர் உடையவில்லை.

எழுதாத அந்தப் பக்கத்தை, மகன், நம்முடைய வீட்டில் ஆளுக்கொருவர் எழுதத் தொடங்கினோம். கம்பனிக்காரன் காசு கொடுத்திருப்பான் என்று அயலவர் சொன்னார்கள். சுகந்தி ஒழுங்காகப் பேசவில்லை, பெரிய ஆளாகப் பிடித்திருக்க வேண்டும் என்று என் தம்பி சொன்னான். வேலூர்த் துண்டைத் துலைத்ததால் தன்னைப் பொய்யன் என்று நினைத்துவிட்டார்கள் என்று அப்பா நினைத்தார். மாமி ஒரு நாள் பின்னேரம் நம்முடைய குசினியில் நின்று, உனக்குக் கேட்கத்தக்கதாக, "வேற என்ன காரணம்? பொடியன் கூட்டுல ஏறிச் சொன்ன அந்த ஒரு சொல்லுத்தான். அப்பன்ட கையில பாதிய இவன் தின்டுட்டான்" என்றார். அதற்கு யாராலும் இல்லை என்று சொல்ல முடியவில்லை. இல்லை என்று காட்ட நம்மிடம் என்ன இருந்தது? ஓம் என்று காட்டவும் ஒன்றும் இருக்கவில்லை. நீ சாப்பிட்டுக்கொண்டிருந்த சோற்றுக் கோப்பையோடு எழும்பிப் போனாய். அடுத்த மாதம், வேலை கிடைத்திருக்கிறது, கட்டாருக்குப் போகிறேன் என்று வந்து நின்றாய். ஏன் என்று நான் கேட்டேன். "சும்மாதான்" என்றாய்.

நீ போனதற்குப் பிறகு நடந்தது இதுதான். அப்பாவும் அதே கேள்வியைத்தான் கேட்டுக்கொண்டிருந்தார். "ஏன் கா போனான்? என்னப் பாத்துக்கொண்டிருந்து அவனுக்குச் சலிச்சுப் போச்சோ?" என்று என்னைக் கேட்பார். மாமி சொன்னதுதான் காரணமாக இருக்கும் என்று நான் சொன்னேன். அப்பாவுக்கு அது தெரியாது, அந்த நேரம் அவர் கடையில் இருந்திருக்கிறார். தெரிந்ததும் அவருக்கு வந்த கோபத்தை நான் அதற்கு முன் கண்டதில்லை. மாமியின் வீட்டுக்குப் போய் வாசலில் நின்றே ஏசிவிட்டு வந்தார். வந்து என்னிடம் சொன்னதை அவர் சொன்னபடியே எழுதுகிறேன்: "அவன் கூப்பிட்டது சரி. அந்த இரும்பு றோட்டுல உழுந்திருந்தா பின்னால வாறவன் அதுல ஏறிச் செத்திருப்பான். கூப்பிடாம இருந்திருந்தாத்தான் நான் அவன ஏசியிருப்பன்." இதை உன்னிடம் சொல்லுங்கள் என்றேன். போனை எடுத்துக் கொடுத்தேன். நீ எடுத்ததும் அவர், "மழையா அங்க?" என்று கேட்டார். கட்டாரில் மழையா என்று கேட்ட மனிசன். அதற்கு மேல் அவருக்கு வரவில்லை. அவருக்கும் உனக்கும் இதில் ஒரே குணம்தான்.

கொழும்பில் உள்ள மேல் கோட்டுக்குப் போகலாம் என்று சுகந்தி சொன்னபோது எனக்கு விருப்பம் இருக்கவில்லை. கிடைத்த பாதியை எடுத்துக்கொண்டு இருப்போம் என்றேன். சுகந்தி சொன்னார், "அக்கா, தொகையக் கூட்டவும் கொறைக்கவும் அவங்களுக்கு அதிகாரம் இரிக்கு. அதில்ல பிரச்சின. கீழ இருந்த நீதிபதி எந்த இடத்தில பிழ விட்டார், தாங்க எத வச்சு இந்தத் தொகைக்கு வந்தம் எண்டு அவங்க சொல்லத்தான் வேணும். சொல்லாட்டி நான் எதோட வாதாடுறது? சுவரோடயா?" அப்பா உடனே, "போவம்" என்றார். காசு கூடக் கிடைக்கும் என்று அவர் போகவில்லை. அந்தப் பக்கத்தைத் தேடித்தான் போனார்.

அந்தப் பக்கம் வரும்வரை அவர் இருக்கவில்லை. இரத்தத்தில் சீனி கூடுகிற வருத்தம் இருந்தது உனக்குத் தெரியும். காலில் ஒரு புண் வந்தது. ஒற்றைக் கையால் அவரே கழுவி மருந்து கட்டுவார், என்னை விடமாட்டார். மாரி மழையில் வெள்ளம் வந்து வீட்டைச் சுற்றி நின்றபோது அதற்குள் நடந்திருக்கிறார். ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோகும்போது காய்ச்சல் தலைக்கு ஏறிவிட்டது. நீ வந்து சேர்ந்தபோது பெட்டியில்தான் பார்த்தாய். செலவுச் சடங்கு முடிந்த அடுத்த நாளே திரும்பிப் போய்விட்டாய். அவர் கடைசி இரண்டு நாளும் புத்தியோடு கதைக்கவில்லை. உன்னைப் பற்றி ஏதாவது சொன்னாரா என்று நீ அன்று என்னைக் கேட்டாய். நான் ஓம், உன்னைக் கேட்டார் என்றேன். அது பொய். அவர் கடைசியாகத் தெளிவாகச் சொன்ன வார்த்தை, கடைப் பூட்டின் திறப்பு எங்கே என்றுதான். உன்னைப் பற்றி அவர் உண்மையாகச் சொன்னதை மேலே எழுதிவிட்டேன். அதை வைத்துக்கொள். நான் சொன்ன பொய்யை விட அது நல்லது.

அவருக்குப் பதிலாக என் பெயரை வழக்கில் போட்டார்கள். கொழும்புக்கு சுகந்தியோடு நான் போனேன். மூன்று நீதிபதிகள் இருந்தார்கள். ஆங்கிலத்தில்தான் எல்லாம் நடந்தது, சுகந்தியின் உதவிக்கு வந்த பிள்ளை எனக்குக் காதுக்குள் சொல்லிக்கொண்டிருந்தது. நடுவில் இருந்தவர் கம்பனியின் சட்டத்தரணியிடம், "பாதி என்பது எப்படி வந்தது? ஏன் மூன்றில் ஒன்று இல்லை? ஏன் முழுவதும் இல்லை?" என்று கேட்டார். எல்லாச் சூழ்நிலைகளையும் கவனித்துத்தான் முடிவெடுத்திருப்பார்கள் என்று அவர் சொன்னார். "இருக்கலாம். ஆனால் அது நமக்கு எப்படித் தெரியும்?" என்று நீதிபதி கேட்டார். பிறகு வந்த கட்டளையைச் சுகந்தி எனக்குத் தமிழில் சொன்னார். பாதியாக்கியது பிழை என்று கொழும்பு சொல்லவில்லை, மகன். காரணம் எழுதாத தீர்ப்பைச் சரி என்றும் சொல்ல முடியாது, பிழை என்றும் சொல்ல முடியாது, நட்டம் அடைந்தவனுக்கு ஏன் குறைந்தது என்று தெரிய வேண்டும், ஆகவே வேறு நீதிபதிகள் திரும்பக் கேட்டுக் காரணத்தோடு தீர்ப்பு எழுத வேண்டும் என்று சொன்னது. நான் அந்த வாங்கில் இருந்து அழுதேன். வென்ற சந்தோசத்தில் அழுகிறேன் என்று பக்கத்தில் இருந்த பிள்ளை நினைத்திருக்கும், நான் அப்பா அந்தப் பக்கத்தைத் தேடி அலைந்ததை நினைத்து அழுதேன்.

திரும்ப விசாரணை நடந்த அன்றுதான் நீ அறிய வேண்டிய ஒரு விசயம் நடந்தது. கம்பனியின் சட்டத்தரணி எழும்பி, "விபத்துக்கு முன்னம் மோட்டார் சைக்கிள் திரும்பியது என்று மகனே சாட்சியம் சொல்லியிருக்கிறார்" என்றார். அப்பீலுக்காக ஆங்கிலத்தில் மொழிபெயர்த்த சாட்சியத்தை வாசித்துக் காட்டினார். அதில், கூப்பிட்டதும் அவர் திரும்பினார் என்றுதான் இருந்தது. எது திரும்பியது என்று இல்லை. வண்டியைத் திருப்பினார் என்றும் எடுக்கலாம். சுகந்தி துள்ளி எழும்பினார். தமிழ்ப் பதிவை எடுத்து, நீ சொன்ன சொல்லை அப்படியே வாசித்தார். "கிறுகிப் பார்த்தவர் என்றால் எங்களுடைய ஊரில் தலையைத் திருப்பிப் பார்த்தார் என்று அர்த்தம் கனம் நீதிபதி அவர்களே. வண்டி நேரேதான் போனது. அடுத்த கேள்விக்கும் சாட்சி அதைத்தான் சொல்லியிருக்கிறார்" என்றார். நீதிபதி ஒருவர் தமிழ்ப் பதிவை வாங்கி நெடுநேரம் பார்த்தார். பிறகு மற்றவரிடம் காட்டினார்.

வெளியே வந்து நான் சுகந்தியிடம் கேட்டேன், "அப்ப முதல் பாதியாக்கினதும் இதாலதானா தங்கச்சி? சைக்கிளத் திருப்பினார் எண்டு நினச்சித்தானா?" அவர் என் முகத்தைப் பார்க்காமல் சொன்னார், "இருக்கலாம் அக்கா. இல்லாமலும் இருக்கலாம். அவங்க எழுதல்ல. இனி ஒருத்தருக்கும் தெரியவராது." இதை உன்னிடம் மறைக்க எனக்கு மனம் வரவில்லை. உன் வாயிலிருந்து வந்த நம்முடைய ஊர்ச் சொல் ஒன்று போகிற வழியில் வேறு சொல்லாக மாறி அப்பாவின் பாதியைத் தின்றதா, அல்லது அதற்கும் இதற்கும் ஒரு தொடர்பும் இல்லையா என்று நாம் சாகும்வரை தெரியப்போவதில்லை. எழுதியிருந்தால் அன்றைக்கே சுகந்தி எழும்பி, அது பிழை என்று காட்டியிருப்பார். அப்பா உயிரோடு இருக்கும்போதே காட்டியிருப்பார். நீயும் இங்கே இருந்திருப்பாய்.

இப்போது வந்த தீர்ப்பைச் சொல்கிறேன். சுகந்தியின் கந்தோரில் நான் மாமியையும் கூட்டிக்கொண்டு போனேன். வேண்டுமென்றே கூட்டிக்கொண்டு போனேன். தாள்கள் நிறைய இருந்தன. கேட்டுக்கொண்டிருக்க முதுகு நொந்தது, ஆனால் ஒரு வரியையும் விடவேண்டாம் என்று சொல்லிவிட்டேன். பாலத்துக்கு ஏறுகிற இடத்தில் முந்த முயன்றது பஸ்காரனின் பிழை என்று எழுதியிருந்தது. அப்பாவின் உழைப்பை மாவட்ட நீதிபதி போட்டதைவிடக் கொஞ்சம் குறைத்திருந்தார்கள். மாரிக் காலத்தில் கடலுக்குப் படகு போகாது, ஆகவே அந்த மாதங்களில் எஞ்சின் வேலையும் குறைவாக இருந்திருக்கும் என்பது காரணம். இது சுத்தப் பிழை. படகு கரையில் கிடக்கும்போதுதானே எஞ்சினைக் கழற்றுவார்கள்! மாரியில்தானே அப்பாவுக்கு மூச்சுவிட நேரம் இருக்காது! நான் கதிரையிலிருந்து எழும்பிச் சத்தம் போட்டேன். சுகந்தி சிரித்தார். "பாத்தீங்களா அக்கா, இப்ப உங்களுக்குச் சண்ட புடிக்க ஒரு இடம் கிடச்சிரிக்கு" என்றார். அதற்குப் பிறகு வந்த பந்தியில் அப்பா இறந்ததை எழுதியிருந்தார்கள். இனிமேல் உழைத்திருக்கக்கூடியதற்கும் இனிமேல் படவேண்டிய நோவுக்கும் கொடுக்கும் தொகை ஆள் உயிரோடு இருக்கும்வரைக்குத்தான், அவர் இறந்த நாளோடு அது நிற்கிறது என்று. அதை வாசிக்கும்போது சுகந்தியின் குரல் இறங்கிவிட்டது. அவர் இனிப் படத் தேவையில்லாத நோவைக் கணக்குப் பார்த்துக் கழித்திருந்தார்கள். அது சட்டப்படி சரி என்று எனக்கு விளங்கியது. விளங்கினதால் நோகாமல் இருக்கவில்லை.

உன்னைப் பற்றிய பந்தியை இரண்டு தரம் வாசிக்கச் சொன்னேன். கூப்பிட்டதும் அப்பா தலையைத் திருப்பியதைச் சாட்சி தானாகவே ஒத்துக்கொண்டிருக்கிறார், வண்டி பாதை மாறவில்லை, ஆனாலும் பாலத்துக்கு ஏறும்போது பாதையிலிருந்து பார்வையை எடுத்தது கவனக்குறைவுதான் என்று எழுதியிருந்தார்கள். அதற்காகப் பத்தில் ஒரு பங்கைக் கழித்திருந்தார்கள். அதோடு நிற்கவில்லை. தன் தகப்பனுக்குப் பாதகமானதைக்கூட மறைக்காமல் சொன்னவர் என்பதால்தான், பஸ் எதிர்ப்பக்கத்துக்கு வந்தது என்று அவர் சொன்னதை நாங்கள் முழுவதும் நம்புகிறோம் என்றும் எழுதியிருந்தார்கள். பஸ் சாரதி அதற்கு நேர்மாறாகச் சொல்லியிருந்தானே, உனக்கு ஞாபகம் இருக்கும். பார்த்த வேறு சாட்சி ஒருவரும் வரவில்லை. உன்னை நம்பாமல் விட்டிருந்தால் வழக்கே இருந்திருக்காது.

எல்லாம் கூட்டிக் கழித்துப் பார்த்தால் அப்பீல் கோட்டு முதலில் கொடுத்த பாதியைவிடவும் குறைவுதான் வந்தது, மகன். மாமி கேட்டுவிட்டு, "இதுக்கா இவ்வளவு அலைச்சல்?" என்றார். இதற்காகத்தான் என்று சொன்னேன். பிறகு அவரைப் பார்த்து, "மச்சி, பத்தில ஒண்டு. கேட்டீங்களா? பாதி இல்ல" என்றேன். மாமி சேலைத் தலைப்பால் முகத்தைத் துடைத்தார். வேர்வையைத் துடைத்தாரா, அழுதாரா என்று நான் பார்க்கவில்லை. பஸ்ஸில் வரும்போது, "பொடியனுக்கு நான் ஒரு கோல் எடுக்கட்டா கா?" என்று கேட்டார். முதலில் நான் எழுதுகிறேன், பொறுங்கள் என்று சொல்லியிருக்கிறேன்.

உனக்கு நான் சொல்ல வந்தது இதுதான். உன்னிடம் பிழையே இல்லை என்று நான் சொல்லப்போவதில்லை. அப்படிச் சொன்னால் நீ நம்பமாட்டாய், அம்மா ஆறுதலுக்குச் சொல்கிறாள் என்று போனை வைப்பாய். நீ கூப்பிட்டாய், அவர் திரும்பினார். அதற்கு உரிய அளவைப் படித்த மனிசர்கள் உட்கார்ந்து யோசித்து, காரணத்தோடு எழுதிவிட்டார்கள். பத்தில் ஒன்று. அதுகூட உன்னுடையது இல்லை, திரும்பிப் பார்த்த அப்பாவுடையது என்றுதான் எழுதியிருக்கிறார்கள். இல்லை, எனக்கும் அதில் பங்குண்டு என்று நீ சொன்னால் சரி, வைத்துக்கொள். அதோடு உன்னால் வாழ முடியும், எத்தனையோ பேர் அதைவிடக் கூடத் தூக்கிக்கொண்டு வாழ்கிறார்கள். மற்ற ஒன்பது பங்கையும் நீ இத்தனை வருடம் சுமந்தது ஒருவரும் எழுதாமல் விட்ட காரணத்துக்காக. அதை இனிச் சுமக்க வேண்டியதில்லை.

இன்னொன்று. நேற்று வெல்லாவெளியிலிருந்து, உனக்குப் பேசிவைத்திருக்கிற வினோதாவின் அப்பா வந்திருந்தார். முகம் சரியில்லை. தேத்தண்ணியும் குடிக்கவில்லை. "மாப்பிள்ள ஒண்டும் வேணாம், ஒருத்தரும் வேணாம் எண்டுறாராம். எங்கள்ல என்ன குறையக் கண்டார்? எங்கட பிள்ளையில ஏதும் கேள்விப்பட்டாரா?" என்று கேட்டார். வினோதா இரண்டு நாளாக அழுதுகொண்டு இருக்கிறதாம். அந்தப் பிள்ளையிடமும் நீ "சும்மாதான்" என்று சொல்லியிருக்கிறாய். அவர்கள் வீட்டில் இப்போது ஆளுக்கொரு காரணம் எழுதிக்கொண்டிருக்கிறார்கள், மகன். அது என்ன செய்யும் என்று உனக்கு நான் சொல்லத் தேவையில்லை. எழுத்தோடு முடிப்பதென்றாலும் முடி, அதற்கு நான் குறுக்கே நிற்கமாட்டேன். ஆனால் இன்றைக்கே அந்தப் பிள்ளைக்குப் போன் எடுத்து, பாலத்தடியில் தொடங்கி எல்லாவற்றையும் சொல்லு. கேட்டுவிட்டு அவள் என்ன சொல்லுவாளோ எனக்குத் தெரியாது. என்ன சொன்னாலும் அது உன்னை அறிந்து சொன்னதாக இருக்கும்.

மாமியைக் கலியாணத்துக்குக் கூப்பிடுவதும் விடுவதும் உன் விருப்பம். அவர் உனக்குச் செய்ததை நான் சின்னதாக நினைக்கவில்லை. கூப்பிடுவதில்லை என்று முடிவெடுத்தால் என்னை விட்டுச் சொல்லவேண்டாம். நீயே எடுத்து, ஏன் என்று சொல்லிவிடு.

உன்
அம்மா